ப்ரெஸ்ஸோன் படங்களில் முகங்கள் ஏன் இப்படி? ‘பிக்பாக்கெட்’ பார்த்த பிறகு ஒரு கேள்வி

கரும்பலகை (சனி இரவு)

வணக்கம் நண்பர்களே. நேற்று பிரெஞ்சு இயக்குநர் ரொபேர் ப்ரெஸ்ஸோனின் ‘பிக்பாக்கெட்’ (1959) பார்த்தேன். மொத்தமே ஒன்றேகால் மணி நேரப் படம். உலகத்தின் சிறந்த படங்கள் என்று யார் பட்டியல் போட்டாலும் இது இருக்கிறது. ஆனால் எனக்கு ஒட்டவில்லை.

மிஷேல் என்ற இளைஞன் திருடுகிறான், அம்மா இறக்கிறாள், போலீஸ் அதிகாரி நேருக்கு நேர் உட்கார்ந்து பேசுகிறார், கடைசியில் சிறை. இத்தனைக்கும் அவன் முகத்தில் ஒரு சுருக்கம்கூட விழவில்லை. வசனத்தை வாய்ப்பாடு ஒப்பிக்கிற மாதிரிச் சொல்கிறார்கள். இது கலைச் சிக்கனமா, இல்லை நடிக்கத் தெரியாதவர்களை வைத்து எடுத்ததால் வந்த குறையா?

வம்புக்குக் கேட்கவில்லை. நானும் ஒரு குறும்படம் எடுத்து வைத்திருக்கிறேன், 14 நிமிடம். பார்த்தவர்கள் எல்லோரும் “ரொம்ப ஓவர், கொஞ்சம் குறை” என்கிறார்கள். எதைக் குறைப்பது என்று மட்டும் ஒருவரும் சொல்வதில்லை. குறைப்பதில் கைதேர்ந்தவர் யார் என்று தேடித்தான் இவரிடம் வந்தேன்.

பின்வரிசை (சனி இரவு)

நடிக்கத் தெரியாதவர்கள் என்பது சரிதான். அவர் வேண்டுமென்றே தேடிப் பிடித்தவர்கள் அவர்கள். ஆரம்ப காலப் படங்களில் மரியா கசாரெஸ் போன்ற பெரிய நடிகர்களை வைத்து எடுத்திருக்கிறார். அப்புறம் படிப்படியாகத் தொழில்முறை நடிகர்களையே விட்டுவிட்டார். 1956இல் வந்த ‘ஒரு மரண தண்டனைக் கைதி தப்பிவிட்டான்’ படத்தின் நாயகன் பிரான்சுவா லெத்தெரியே தத்துவம் படித்துக்கொண்டிருந்த மாணவர். ‘பிக்பாக்கெட்’ நாயகன் மார்த்தென் லாசால் உருகுவேயிலிருந்து வந்தவர். இவர்களை ப்ரெஸ்ஸோன் நடிகர்கள் என்று சொல்ல மாட்டார், ‘மாடல்’ என்பார். ஓவியராக இருந்து சினிமாவுக்கு வந்தவர் என்பதால் அந்தச் சொல் அவருக்கு இயல்பாக வந்திருக்கும். ஒரு படத்தில் பயன்படுத்தியவரை அடுத்த படத்தில் பயன்படுத்துவதும் அபூர்வம். ழான் குளோத் கில்பேர் மட்டும் இரண்டு படங்களில் வருகிறார்.

ஒரே வசனத்தை, ஒரே அசைவைத் திரும்பத் திரும்பச் செய்ய வைப்பார். “இந்த இடத்தில் நான் சோகம் காட்டணும்” என்ற எண்ணம் அவர்களிடம் தேய்ந்து போகும் வரை விடமாட்டார். வீட்டைப் பூட்டும்போது நாம் எப்படிப் பூட்டுகிறோம்? கை தானாகச் செய்கிறது. அந்தத் தானாகச் செய்யும் நிலைக்கு ஆளைக் கொண்டுபோனால்தான் உள்ளே இருப்பது வெளியே கசியும் என்று அவர் நம்பினார். காட்ட முயன்றால் காட்டுவதுதான் தெரியும்.

நடிகர்களை வைத்து எடுப்பதை அவர் படம் பிடிக்கப்பட்ட நாடகம் என்றே கருதினார். தான் செய்வதற்கு ‘சினிமாடோகிராஃப்’ என்று தனிப்பெயர் வைத்துக்கொண்டார். 1975இல் வெளியான அவருடைய குறிப்புப் புத்தகம் முழுக்க இந்தப் பிரிவினையைப் பற்றித்தான்.

ஒலிமேசை (ஞாயிறு காலை)

கரும்பலகை தம்பி, நீங்கள் முகத்தைப் பார்த்துக்கொண்டே இருந்திருக்கிறீர்கள். காதை விட்டுவிட்டீர்கள். இருபது வருடமாக சவுண்ட் மிக்ஸிங்கில் இருப்பவன் என்பதால் எனக்கு அந்தப் படம் வேறு பக்கத்திலிருந்துதான் திறந்தது.

முதல் திருட்டை மறுபடி போட்டுப் பாருங்கள். லோன்ஷாம் குதிரைப் பந்தய மைதானம். முன்னால் ஒரு பெண், அவள் முழங்கையில் கைப்பை, பின்னால் மிஷேல். பந்தயத்தை ஒரு ஷாட்டில்கூடக் காட்டவில்லை. ஒரு குதிரைகூடத் திரையில் இல்லை. மிஷேல் நேராகப் பார்த்துக்கொண்டு நிற்கிறான், விரல்கள் கைப்பையின் கொக்கியைத் தடவுகின்றன. தூரத்தில் குளம்புச் சத்தம் தொடங்குகிறது, நெருங்குகிறது, நம்மைத் தாண்டி ஓடுகிறது. எல்லாத் தலைகளும் அந்தச் சத்தத்தோடு திரும்புகின்றன. கொக்கி திறந்துகொள்கிறது.

இப்போது அவன் முகம் எப்படி இருக்க வேண்டும் என்று சொல்லுங்கள். பதற்றம் காட்டினால் அந்தப் பெண் திரும்பிப் பார்ப்பாள். திருடனுக்கு முதல் தகுதியே முகத்தில் ஒன்றும் இல்லாமல் இருப்பது. பதற்றம் முழுவதையும் குதிரைகள் சுமக்கின்றன. முகத்தில் இருக்க வேண்டியதை எடுத்துக் காதில் வைத்துவிட்டார்.

ஒரு சத்தம் படத்தின் வேலையைச் செய்துவிடும் என்றால் படத்தை எடுத்துவிடு என்பது அவர் தனக்கே எழுதி வைத்துக்கொண்ட விதி. ரயில் எஞ்சினின் விசில் ஒன்று போதும், முழு ஸ்டேஷனும் மனதில் வந்துவிடும் என்றும் எழுதியிருக்கிறார். எங்கள் வேலையில் இதற்கு நேர் எதிர்தான் நடக்கும். படத்தில் கதவு தெரிகிறதா, கதவுச் சத்தம் போடு. ஆள் அழுகிறானா, ரீரெக்கார்டிங்கில் வயலின் ஏற்று. கண்ணுக்கும் காதுக்கும் ஒரே சாப்பாட்டைப் பரிமாறிக்கொண்டிருப்போம்.

தாழ்வாரம் (ஞாயிறு மதியம்)

நீங்கள் சொல்வது அழகாக இருக்கிறது. ஆனால் மனிதர்களை இப்படிப் பயன்படுத்துவதில் எனக்கு ஓர் உறுத்தல் உண்டு. மாடல் என்றால் தனக்கென்று விருப்பம் இல்லாத பொருள் மாதிரி ஆகிவிடுகிறதே? ‘ஓ அசார் பல்தசார்’ (1966) படத்தில் மாரியாக வந்த ஆன் வியாஸெம்ஸ்கிக்கு அப்போது வயது 18. அந்தப் படப்பிடிப்பு நாட்களைப் பற்றி 2007இல் நாவல் வடிவில் எழுதினார். இயக்குநர் தன்னை மற்றவர்களிடமிருந்து பிரித்துத் தன் பக்கத்திலேயே வைத்துக்கொண்டதையும், தான் விரும்பாத நெருக்கத்தைக் காட்டியதையும் அதில் சொல்கிறார். அதைப் படித்த பிறகு அந்தச் சலனமற்ற முகத்தைப் பழைய மாதிரிப் பார்க்க என்னால் முடியவில்லை. திரையில் கட்டுப்பாடு என்று நாம் கொண்டாடுவது, படப்பிடிப்பில் ஒருவர் இன்னொருவர் மேல் செலுத்திய கட்டுப்பாடாகவும் இருக்கிறது.

படம் மோசம் என்று சொல்லவில்லை. இதையும் சேர்த்துப் பேச வேண்டும் என்கிறேன்.

பின்வரிசை (ஞாயிறு மதியம்)

பேசத்தான் வேண்டும். நானும் அதைப் படித்திருக்கிறேன், மறுப்பதற்கு ஒன்றும் இல்லை. அதே புத்தகத்தில் அந்த வேலை மேல் அவருக்கு இருந்த ஈர்ப்பும் இருக்கிறது. பிறகு அவரே நடிகையாகவும் எழுத்தாளராகவும் வளர்ந்தார். ஆனால் அதைச் சொல்லி உங்கள் கேள்வியை மூடிவிட முடியாது என்பது எனக்குத் தெரியும்.

ஆறாம்திணை (ஞாயிறு மாலை)

இடையில் ஒன்று. செலவு குறைவு என்பதும் சிக்கனம் என்பதும் ஒன்றல்ல. குறைந்த செலவில் எடுத்தும் திகட்டத் திகட்டக் காட்டுகிற படங்கள் எத்தனையோ. ப்ரெஸ்ஸோனின் ‘லான்சலோ து லாக்’ (1974) கவசம், குதிரை, கூடாரம் எல்லாம் உள்ள சரித்திரப் படம். பெரிய போட்டிக் காட்சி இருக்கிறது. அதில் அவர் காட்டுவது குதிரைகளின் கால்கள், ஈட்டி, ஏற்றப்படும் கொடி, பார்ப்பவர்களின் தலைகள். வீரன் கீழே விழுவதைச் சத்தத்தில்தான் தெரிந்துகொள்கிறோம். குதிரைகளையும் கவசங்களையும் கொண்டுவந்து நிறுத்திவிட்டுக் காலை மட்டும் காட்டுவதற்குத் தனி தைரியம் வேண்டும்.

ஒலிமேசை (ஞாயிறு இரவு)

தம்பி, ஒரு வேலை தருகிறேன். ‘தப்பிவிட்டான்’ படத்தைப் பாருங்கள். அதைப் பற்றி எதுவும் படித்துவிட்டுப் போகாதீர்கள். முதல் தடவை சாதாரணமாகப் பாருங்கள். மறுநாள் சப்டைட்டிலை அணைத்துவிட்டு, ஹெட்போன் போட்டுக் கண்ணை மூடிக்கொண்டு அரை மணி நேரம் கேளுங்கள். அப்புறம் இங்கே வந்து எழுதுங்கள்.

கடலோரக்கவி (திங்கள்)

தலைப்பு பிரெஞ்சு சினிமாவின் சிக்கனம் என்று விரிந்தால் ப்ரெஸ்ஸோனோடு நிறுத்த வேண்டாம். மெல்வில் எடுத்த ‘லெ சாமுராய்’ (1967) படத்தில் முதல் பத்து நிமிடம் அளவுக்கு வசனமே கிடையாது. சாம்பல் நிற அறை, கட்டிலில் அலென் தெலோன், கூண்டில் ஒரு குருவியின் கீச்சு. ‘லெ செர்க்கிள் ரூஜ்’ (1970) படத்தின் நகைக்கடைக் கொள்ளை இருபது நிமிடத்துக்கும் மேல் பேச்சில்லாமல் ஓடுகிறது. பிறகு அலென் கவாலியேவின் ‘தெரேஸ்’ (1986). கன்னிமடத்தின் கதை, ஆனால் மடம் என்று ஒரு கட்டடமே இல்லை. வெறும் சாம்பல் திரைக்கு முன்னால் ஒரு கட்டில், ஒரு மேசை, முகங்கள். கான் திரைப்பட விழாவில் நடுவர் பரிசு வாங்கியது.

ஷான்தால் அக்கர்மான் பெல்ஜியத்துக்காரர் என்றாலும் பிரெஞ்சு மொழியில் எடுத்தார் என்பதால் ‘ழான் தீல்மான்’ (1975) படத்தையும் சேர்ப்பேன். மூன்று மணி இருபது நிமிடம், அசையாத கேமரா, உருளைக்கிழங்கு உரிக்கும் பெண். சிக்கனம் என்றால் சின்னப் படம் என்று நினைப்பவர்களுக்கு அது பதில்.

ஆறாம்திணை (திங்கள்)

ரோமேரை விட்டுவிட்டீர்களே! அவர் படங்களில் ஓயாமல் பேசுவார்கள். ஆனால் அந்தப் பேச்சை அலங்கரிக்க எதுவுமே செய்ய மாட்டார். பின்னணி இசை அநேகமாக இருக்காது. ‘லெ ரயோன் வேர்’ (1986) படத்தை 16 எம்எம்மில், விரல்விட்டு எண்ணக்கூடிய ஆட்களோடு எடுத்தார். வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது வாங்கியது. பேசாமல் இருப்பது மட்டும்தான் அடக்கம் என்று ஆகிவிடக் கூடாது என்பதற்காகச் சொல்கிறேன்.

பின்வரிசை (திங்கள் இரவு)

எல்லாம் சரி, ஆனால் இவர்களை ஒரே கூடையில் போட எனக்கு மனம் வரவில்லை. மெல்வில்லின் நாயகன் தொப்பி விளிம்பை விரலால் சரிசெய்யும்போது கேமரா அதை ரசிக்கிறது, நாமும் ரசிக்கிறோம். அது ஒரு ஸ்டைல். ப்ரெஸ்ஸோனிடம் ரசிப்பதற்கு என்று எதுவும் வைக்கப்பட்டிருக்காது. பெரும்பாலும் 50 எம்எம் லென்ஸ் ஒன்றையே வைத்து, கிட்டத்தட்டக் கண் பார்க்கிற மாதிரியே எடுத்தார். தூரத்தையும் நெருக்கத்தையும் லென்ஸால் அழகாக்கும் வழியைத் தானே அடைத்துக்கொண்டார்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும், இது என் ஆதங்கம். விழாக்களில் இன்று பார்க்கும் பல படங்களில் முகத்தை மரமாக வைத்துக்கொண்டு நீளமாகச் சுவரைப் பார்க்கிறார்கள். அதைப் ப்ரெஸ்ஸோன் வழி என்கிறார்கள். அவர் படங்களில் ஷாட்டுகள் நீளமே இல்லை. கை, கதவு, படி, கை என்று விறுவிறுவென்று போகும். கார் தெ லியோன் ரயில் நிலையத்தில் மூன்று திருடர்களின் கைகளுக்கு நடுவே பர்ஸ்கள் கைமாறுகிற காட்சியைப் பாருங்கள். அதைச் சொல்லிக்கொடுத்தவர் கசாகி என்ற மேஜிக்காரர், படத்தில் திருடனாகவும் வருகிறார். அவ்வளவு வேகமான, அவ்வளவு சந்தோஷமான எடிட்டிங்கை நான் அதிகம் பார்த்ததில்லை.

நம் நாட்டில் அவரிடமிருந்து உண்மையாகக் கற்றுக்கொண்டவர் என்றால் ‘உஸ்கி ரோட்டி’ எடுத்த மணி கௌல். அதற்குத் தனி இழையே வேண்டும்.

கரும்பலகை (சனி இரவு)

ஒரு வாரம் கழித்து வருகிறேன். ஒலிமேசை அண்ணா சொன்னபடி செய்தேன். கொஞ்சம் நீளமாக எழுதப்போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் தலைப்பு. அவன் தப்பிவிட்டான் என்று தலைப்பிலேயே சொல்லிவிட்டார். 1943இல் லியோனில் ஜெர்மானியர் கையில் இருந்த மோன்லுக் சிறையிலிருந்து ஆந்த்ரே தெவிஞ்ஞி என்பவர் உண்மையிலேயே தப்பிய கதை அது. “அலங்காரம் இல்லாமல் அப்படியே தருகிறேன்” என்று ப்ரெஸ்ஸோன் தன் கையெழுத்திலேயே தொடக்கத்தில் போடுகிறார். முடிவைக் கொடுத்துவிட்டு எதை வைத்து நம்மை உட்கார வைக்கப்போகிறார் என்று நினைத்தேன்.

முதல் காட்சி. காரின் பின் இருக்கையில் நாயகன் ஃபோன்தேன், பக்கத்தில் விலங்கு மாட்டிய இன்னும் இரண்டு கைதிகள். அவன் கை மட்டும் விலங்கில்லாமல் மடியில் இருக்கிறது. அது மெதுவாகக் கதவின் கைப்பிடிக்குப் போகிறது, திரும்பி வருகிறது. ஓட்டுநரின் கியர் மாற்றும் கை. முன்னால் சாலை. மறுபடி இவன் கை. டிராம் குறுக்கே வர, கார் வேகம் குறைகிறது. கதவைத் திறந்து குதித்துவிடுகிறான்.

கேமரா குதிக்கவில்லை! காலியான இருக்கையையே பார்த்துக்கொண்டிருக்கிறது. பக்கத்துக் கைதி திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. வெளியே ஓட்டம், கத்தல், துப்பாக்கிச் சத்தம். கொஞ்ச நேரத்தில் அவனை அதே இடத்தில் கொண்டுவந்து உட்கார வைத்து விலங்கு மாட்டுகிறார்கள். நான் எடுத்திருந்தால் தெருவில் ஓடுகிறவன் பின்னாலேயே கேமராவைத் தூக்கிக்கொண்டு ஓடியிருப்பேன், சத்தியமாக. ஓடியிருந்தால் அது ஒரு துரத்தல் காட்சி. இங்கே அந்தக் காலி இருக்கையைப் பார்த்துக்கொண்டு “தப்பிப் போய்விடு” என்று வேண்டிக்கொண்டிருந்தேன். தலைப்பு ஞாபகமே இல்லை.

மறுநாள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டேன். காவலாளி மாடிப்படிக் கம்பியில் சாவியைத் தட்டிக்கொண்டே நடப்பது. கரண்டியைக் கூராக்கிக் கதவுப் பலகையைச் சுரண்டுவது. எங்கோ ரயில். கொஞ்ச நேரத்தில் அந்தச் சிறையின் அளவு எனக்குத் தெரிந்துவிட்டது. யார் எந்தத் தளத்தில் வருகிறார் என்றுகூடச் சொல்ல முடிந்தது. யோசித்துப் பார்த்தால் படத்தில் முழுச் சிறையையும் ஒரே ஷாட்டில் பார்த்ததாக நினைவே இல்லை.

அப்புறம் அந்தக் கிறீச் சத்தம். கடைசியில் மதில் மேல் ஃபோன்தேனும் அவன் அறைத்தோழனும் பதுங்கியிருக்கும்போது இரவில் ஏதோ கிறீச்சிடுகிறது. என்னவென்று அவர்களுக்கும் புரியவில்லை, நமக்கும் புரியவில்லை. பிறகுதான் தெரிகிறது, மதில்களுக்கு நடுவே சைக்கிளில் சுற்றி வரும் காவலாளி. எண்ணெய் போடாத சைக்கிள்! அந்தச் சத்தத்துக்கு எனக்கு வியர்த்தது.

ஒலிமேசை (சனி இரவு)

படித்துவிட்டு இரண்டு நிமிடம் சும்மா உட்கார்ந்திருந்தேன் தம்பி.

அதே படத்தில் காவலாளியைக் கொல்லும் இடத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஃபோன்தேன் சுவர் மூலையைத் தாண்டிப் போகிறான். கேமரா மூலையோடு நின்றுவிடுகிறது. அவன் அங்கே நின்று தயங்குவது வரைதான் நமக்கு. கொலையை மறைத்தது நாகரிகத்துக்காக மட்டும் என்று நான் நினைக்கவில்லை. அந்த இடத்தில் அவனோடு நம்மால் போக முடியாது, போகவும் கூடாது.

பின்வரிசை (ஞாயிறு காலை)

இசையைப் பற்றி யாரும் சொல்லவில்லை. ‘தப்பிவிட்டான்’ படத்தில் மோட்சார்ட்டின் சி மைனர் மாஸ் வருகிறது. எங்கே வருகிறது? கைதிகள் வரிசையாக மலவாளியைத் தூக்கிக்கொண்டு முற்றத்தில் கொட்டப் போகும்போது. வீரச் செயலுக்கு இசை கிடையாது, கரண்டிக்குக் கிடையாது. தினமும் காலையில் வாளி தூக்குகிற மனிதர்களுக்குத் தேவாலய இசை. ப்ரெஸ்ஸோனே போரில் ஜெர்மானியரிடம் ஒரு வருடத்துக்கு மேல் கைதியாக இருந்தவர் என்பதை நினைத்துக்கொண்டு அந்த இடத்தைப் பார்ப்பேன்.

பிறகு அதையும் குறைத்துக்கொண்டே போனார். கடைசிப் படமான ‘லார்ழான்’ (1983) வரும்போது பின்னணி இசை சுத்தமாக இல்லை. கதைக்குள் ஒரு முதியவர் பியானோ வாசிக்கிறார், அவ்வளவுதான். அவர் தன் மகளைக் கன்னத்தில் அறையும் காட்சியைப் பாருங்கள். அறை காதில் விழுகிறது. திரையில் தெரிவது அவள் கையில் இருக்கும் கிண்ணத்திலிருந்து காப்பி சிந்துவது மட்டும். அப்போது ப்ரெஸ்ஸோனுக்கு 81 வயது. கானில் ஒரு பகுதியினர் கூச்சலிட்டார்கள். அதே மேடையில் ரஷ்ய இயக்குநர் தார்க்கோவ்ஸ்கியோடு சேர்த்து இவருக்கும் பரிசு கொடுத்தார்கள்.

தாழ்வாரம் (ஞாயிறு மாலை)

கரும்பலகை எழுதியதைப் படித்துவிட்டு ‘பல்தசார்’ மறுபடி பார்த்தேன். என் உறுத்தல் போகவில்லை, போகவும் வேண்டாம். ஆனால் ஒன்று சொல்லத் தோன்றுகிறது.

பல்தசார் என்பது படத்தின் மையமான கழுதையின் பெயர். அந்தக் கழுதை சர்க்கஸுக்குப் போய்ச் சேரும் காட்சி. கூண்டுகளுக்கு முன்னால் அதை நடத்திப் போகிறார்கள். புலி பார்க்கிறது, கழுதை பார்க்கிறது. அடுத்து பனிக்கரடி. அடுத்து குரங்கு, அடுத்து யானை. ஒவ்வொன்றின் கண்ணுக்கும் பிறகு கழுதையின் கண். வசனம் இல்லை, இசை இல்லை. பழக்கப்படுத்திய விலங்கு வேண்டாம் என்று தேர்ந்தெடுத்த கழுதை அது, நடிக்க அதற்கு வழியே இல்லை. ஆனால் அந்த நான்கு பார்வைகளில் அவை தங்கள் நிலைமையைப் பேசிக்கொண்டன என்று எனக்குத் தோன்றியது. தோன்ற வைத்தது கழுதை இல்லை, வெட்டு. ஒரு ஷாட்டுக்கு அடுத்து எது வருகிறது என்பது மட்டும். மனிதர்களின் முகத்தை ஏன் காலியாக வைத்தார் என்பது எனக்கு அந்தக் கழுதையிடமிருந்துதான் புரிந்தது. முகம் ஏற்கெனவே நிரம்பி இருந்தால் அடுத்த ஷாட் அதில் எதை ஊற்றும்?

கரும்பலகை (செவ்வாய் இரவு)

தாழ்வாரம் அக்கா, கடைசி வரியை என் நோட்டில் எழுதிக்கொண்டேன்.

என் குறும்படத்தைத் திறந்து பார்த்தேன். மகன் அம்மாவிடம் சண்டை போட்டுவிட்டு வீட்டை விட்டுப் போகும் இடம். வாசலில் அவன் முதுகு, அம்மா அழும் குளோசப், பஸ் கிளம்புவது, மறுபடி அம்மா, மேலே வயலின். நாற்பது வினாடி. பஸ்ஸை எடுத்தேன். வயலினை எடுத்தேன். அழும் குளோசப்பை எடுக்கக் கை வரவில்லை, அந்த அம்மா அவ்வளவு நன்றாக நடித்திருந்தார். ஒரு ராத்திரி தள்ளிப்போட்டு எடுத்துவிட்டேன். இப்போது மிச்சம் இருப்பது அடுக்களையில் பாத்திரம் கழுவும் அவருடைய கைகள், வெளியே இரும்பு கேட் திறந்து மூடும் சத்தம், ஒரு கணம் நிற்கும் கைகள், மறுபடி கழுவுவது. 17 வினாடி.

நேரில் மன்னிப்புக் கேட்டு அவரிடம் போட்டுக் காட்டினேன். ஒன்றும் சொல்லாமல் இன்னொரு தடவை போடச் சொன்னார்.

ஒலிமேசை (செவ்வாய் இரவு)

அந்த கேட் சத்தத்தை எங்கிருந்து எடுத்தீர்கள்? லைப்ரரி எஃபெக்ட் என்றால் தூக்கிவிடுங்கள். காட்சி முழுவதும் இப்போது அந்தச் சத்தத்தின் மேல்தான் நிற்கிறது. அவன் கேட்டைச் சாத்திவிட்டுப் போகிறானா, இல்லை சாத்தாமல் விட்டுப் போனது தானாக அடித்துக்கொள்கிறதா? இரண்டும் வேறு வேறு மகன்கள்.

கரும்பலகை (செவ்வாய் இரவு)

அதை யோசிக்கவே இல்லை அண்ணா. லைப்ரரிதான். படம் எடுத்த அதே வீட்டில் நாளை விடிகாலை நாலரைக்குப் போய்ப் பதிவு செய்கிறேன். ஐந்து மணிக்கு மேல் லாரி போக ஆரம்பித்துவிடும். கொண்டியைப் போட்டு ஒரு டேக், போடாமல் ஒரு டேக். எடுத்து இங்கேயே ஏற்றுகிறேன்.